சுத்தமாக விழுந்த ரேகை

தீர்ப்பாயத்தில் இப்போது வேலை பார்க்கும் இளைய குமாஸ்தாக்கள் இரண்டு பேர் சென்ற மாதம் என்னைப் பார்க்க வந்திருந்தார்கள். அலுவலகச் சாமான் பட்டியலில் 'கைரேகை மைப்பெட்டி – ஒன்று' என்று ஒரு வரி இன்னும் இருக்கிறதாம். சாட்சிக்கு வருகிறவர்கள் எல்லோரும் கையெழுத்துப் போடுகிற காலம் இது. அந்த வரியை அடித்துவிடலாமா என்று கேட்டார்கள். அடிக்காதீர்கள் என்றேன். ஏன் என்றார்கள். எழுதித் தருகிறேன் என்று சொல்லி அனுப்பினேன். எழுத உட்கார்ந்த பிறகுதான், அவர்கள் தெரிந்துகொள்ளக் கேட்டார்களா, அல்லது கிழவனைப் பேசவைத்துவிட்டு எப்படியும் பெட்டியைக் கழித்துக்கட்டப் போகிறார்களா என்ற சந்தேகம் வந்தது. பரவாயில்லை. சந்தேகப்படுவதற்காகத்தான் சர்க்கார் எனக்கு இத்தனை வருஷம் சம்பளம் கொடுத்தது.

பி.ஏ. முடித்து, சர்வீஸ் கமிஷன் பரீட்சை எழுதி, இரண்டு வருஷம் ரெவின்யூவில் கோப்பு தைத்தேன். ஐம்பதுகளின் தொடக்கத்தில் தொழில் தீர்ப்பாயத்துக்கு பெஞ்சு கிளார்க்காக மாற்றினார்கள். கட்சிக்காரர்களைக் கூப்பிடுவது, ஆவணங்களுக்கு எண் போடுவது, சாட்சி சொல்வதை எழுதிப் படித்துக் காட்டுவது, கடைசியில் கையெழுத்தோ ரேகையோ வாங்குவது என் வேலை. நிர்வாகம் தரும் காகிதத்துக்கு 'எம்', தொழிலாளி தரும் காகிதத்துக்கு 'டபிள்யூ'. சட்டம் மனப்பாடமாக ஆறு மாதம் ஆயிற்று. இரண்டு எழுத்துக்காரர்களும் பொய் சொல்வார்கள் என்பது மூன்றாவது வாரமே தெரிந்துவிட்டது.

எங்கள் சேர்மன் ஓய்வு பெற்ற ஜில்லா ஜட்ஜ். ஒல்லியான மனிதர். எந்தக் காகிதத்தைக் கொடுத்தாலும் முதலில் படிக்கமாட்டார். திருப்பிப்போட்டு, கண்ணை மூடிக்கொண்டு, பின்பக்கத்தில் ஆள்காட்டி விரலை மெதுவாக ஓட்டுவார். பேனா அழுந்திய மேடு எங்கே இருக்கிறது, எங்கே இல்லை என்று விரலாலேயே பார்ப்பார். "முன்பக்கத்தை நமக்காக எழுதுகிறார்கள், பின்பக்கத்தை யாரும் நினைப்பதில்லை" என்று ஒருமுறை சொன்னார். என்னிடம் அவர் சொன்ன நீளமான வாக்கியங்களில் அது ஒன்று. மற்றபடி என்னையும் அவர் நம்பியதில்லை. முகாம் போகும்போது அலுவலக முத்திரையைத் தன் கோட்டுப் பையில்தான் வைத்துக்கொள்வார்.

செங்கல்பட்டில் முகாம் போட்டு விசாரிக்கும் நாட்களில் சென்னையிலிருந்து தாம்பரம் வரை மின்சார வண்டி, அங்கிருந்து புகைவண்டி. ஸ்டேஷனுக்கு வெளியே நிர்வாகத்தின் மோட்டார் கார் ஒரு பக்கமும், சங்கத்தார் பேசி வைத்த ஜட்கா ஒரு பக்கமும் நிற்கும். சேர்மன் இரண்டுக்கும் நடுவே, இரண்டையும் பார்க்காதவர் போல நடப்பார். பின்னால் நான் ஆவணப் பெட்டியோடு. ஒருநாள் ஜட்காக்காரன் பொறுக்காமல் கேட்டான்: "இன்னா சார், குதிர மேல கோவமா, என் மேல கோவமா?" சேர்மன் திரும்பவில்லை. காபிகூட வீட்டிலிருந்து பிளாஸ்கில் வரும். கட்சிக்காரர் வாங்கிக் கொடுத்த காபி தீர்ப்பில் வாசம் வீசும் என்பது அவர் கட்சி.

இப்படிப்பட்டவர் முன்னால்தான் குப்பம்மாவின் வழக்கு வந்தது.

கடப்பாக்கம் பக்கம் உப்பங்கழியை ஒட்டி ஓர் உப்பளம். கம்பெனியின் பெயர் வேண்டாம். குப்பம்மா அங்கே உப்பு வாரிக் கூடையில் சுமக்கும் பெண். முப்பத்தைந்து வயதிருக்கும், புருஷன் இல்லை, இரண்டு பெண் குழந்தைகள். கம்பெனி கரைமேலேயே குடிசை. கூலி கூடைக் கணக்கில். ஒரு வருஷம் சித்திரையில் வரதன் என்ற மேஸ்திரி புதுக்கூடைகள் கொண்டுவந்தான். பழையதைவிட வாய் நாலு விரல் அகலம், கூலி மட்டும் அதே. மற்ற பெண்கள் முணுமுணுத்தார்கள். குப்பம்மா அரிவாளை எடுத்து, தன் கூடையின் விளிம்பை நாலு விரல் வெட்டி எறிந்துவிட்டுச் சுமந்தாள். மறுநாள் இருபது பெண்களின் கூடைகள் குட்டையாகிவிட்டன.

மே மாதம் அவளுக்கு வேலைநீக்க உத்தரவு. மேஸ்திரியைக் கூடையால் அடித்தாள், நிர்வாகத்தை ஏசினாள், கம்பெனிச் சொத்தைச் சேதப்படுத்தினாள்; முறைப்படி உள்விசாரணை நடந்தது, எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டாள் என்று அதில் எழுதியிருந்தது. கூடவே, வேலை இல்லாதவருக்குக் கரையில் குடிசை இல்லை, காலி செய்யவும் என்று ஒரு நோட்டீஸ். வழக்கு முடியும்வரை குடிசையைத் தொடுவதில்லை என்று லேபர் ஆபீசர் முன்னால் கம்பெனி ஒத்துக்கொண்டது. ஆக, வழக்கு தோற்றால் வேலையோடு வீடும் போகும்.

அந்தக் காலத்தில் தனி ஆள் தன் வேலை போனதென்று தீர்ப்பாயத்துக்கு வர முடியாது. சங்கமோ, கணிசமான தொழிலாளர்களோ அதைத் தங்கள் தகராறாக எடுத்துக்கொள்ள வேண்டும். கடப்பாக்கத்தில் சைக்கிள் கடை வைத்திருந்த காசிம் பாய்தான் உப்பளச் சங்கத்தின் செயலாளர். அவர் எடுத்துக்கொண்டார். லேபர் ஆபீசர் சமரசம் பேசினார், தோல்வி அறிக்கை அனுப்பினார், சர்க்கார் எங்களுக்கு அனுப்பியது. இதற்குள் ஏறக்குறைய ஒரு வருஷம். கம்பெனி வக்கீல் வைக்க எதிர்த்தரப்பின் சம்மதம் தேவை. காசிம் பாய் மறுத்திருக்கலாம், மறுக்கவில்லை. ஏன் என்று கேட்டேன்.

"அவுரு பேசறத கேட்டா நமக்கும் நாலு விஷயம் தெரியும்ல சார்" என்றார்.

இந்த வெகுளித்தனமும் ஒரு தந்திரமோ என்று அன்று நினைத்தேன். இல்லை. அவருக்கு உண்மையிலேயே வழக்கு நடத்தத் தெரியாது. கோரிக்கை மனுவை யாரோ எழுதிக் கொடுத்த மாதிரியைப் பார்த்து எழுதியிருந்தார். அதன் ஒன்பதாவது பத்தி: 'மனுதாரர் அன்றுமுதல் வேறு எந்த வேலையுமின்றித் தவிக்கிறார்.' இந்த வரி இல்லாத மனுவை நான் பார்த்ததில்லை.

அடுத்த வருஷம் சித்திரையில், செங்கல்பட்டுத் தாலுகா கச்சேரிக்குப் பக்கத்தில் கடன் வாங்கிய ஒரு கூடத்தில் விசாரணை. உள்விசாரணை நடவடிக்கை என்று கம்பெனி கொடுத்த நாலு தாளுக்கு நான் எம்-7 என்று எண் போட்டேன். ஒவ்வொரு தாளின் அடியிலும் ஓர் இடது பெருவிரல் ரேகை. வட்டமும் சுழியுமாக, புத்தகத்தில் அச்சிட்ட மாதிரி அத்தனை சுத்தம். எனக்கே பொறாமையாக இருந்தது. நான் வாங்கும் ரேகைகள் இந்த அழகில் பாதிகூட வராது. சேர்மன் தாள்களைத் திருப்பி விரல் ஓட்டிவிட்டு ஓரமாக வைத்தார்.

வக்கீல் குறுக்கு விசாரணையில் எம்-7ஐ வாசித்தார்: "'மேஸ்திரியவர்களைக் கூடையால் தாக்கியதும், நிர்வாகத்தைத் தகாத சொற்களால் இழித்துரைத்ததும் உண்மையே. என் செயலுக்கு மனமார வருந்துகிறேன்.' இது நீ சொன்னதுதானே?"

குப்பம்மா காசிம் பாயைப் பார்த்தாள். "யாரு பாய் சொன்னது? நல்லா கீது."

கூடம் சிரித்தது. சேர்மன் மேஜையைத் தட்டினார்.

"சிரிப்பதற்கு இல்லை. மேஸ்திரியை அடித்தாயா, இல்லையா?" என்று கேட்டார் வக்கீல்.

"அடிக்கல சாமி. அடிச்சிருந்தா அடிச்சேன்னு சொல்லுவேன், அந்த ஆளும் இம்மா நேரம் குந்திகினு இருக்கமாட்டாரு. கூடைய வெட்டனது நானு. அத இல்லன்னு சொல்லல."

வரதன் பின்வரிசையில் உட்கார்ந்திருந்தான். மேல்துண்டைச் சரிசெய்துகொண்டான்.

"விசாரணையே நடக்கவில்லை என்கிறாய். அப்படியானால் இந்த ரேகை யாருடையது?"

"ஒவ்வொரு மழைக்கும் பேர் எழுதுவாங்க சாமி, அடுத்த உப்புக்கு யார் யார் வரான்னு. அப்போ வெள்ளப் பேப்பர்ல நாலு வாட்டி ஒத்த சொல்லுவாங்க. எல்லாரும்தான் ஒத்தறோம். அதுல ஒண்ணா இருக்கும்."

"எல்லோரும் சொல்கிற கதை" என்றார் வக்கீல்.

அதில் நான் அவர் பக்கம்தான். வெற்றுத்தாளில் ரேகை வாங்கினார்கள் என்ற கதையை நாலு வழக்கில் மூன்றில் கேட்டிருக்கிறேன். அதில் எது நிஜம் என்று கண்டுபிடிக்க வழியே கிடையாது. வெள்ளைத்தாளுக்குத் தேதி ஏது?

சாட்சியம் முடிந்தது. நான் எழுதியதைப் படித்துக் காட்டினேன். மைப்பெட்டியைத் திறந்து அவள் விரலை வாங்கித் தாளில் ஒத்தினேன். ஒரு கறுப்புப் பொட்டு விழுந்தது. கோடு ஒன்றுகூட இல்லை.

இந்த வித்தை எனக்குத் தெரியும். பின்னால் 'இது என் ரேகையே இல்லை' என்று மறுப்பதற்காக, வைக்கும்போதே விரலைத் தேய்த்துவிடும் சாட்சிகள் உண்டு.

"ஏம்மா, யாரிடம் விளையாடுகிறாய்? விரலை உருட்டி வை."

"உருட்டிதான சார் வெச்சேன். நீதான கைய புடிச்சிகினு கீற?"

துணியில் துடைத்து மறுபடி வைத்தேன். பொட்டு. மையைக் குறைத்து மூன்றாவது முறை. சாம்பல் நிறத்தில் பொட்டு. எனக்குக் கோபம் வந்துவிட்டது. எழுந்து நின்று, "சாட்சி வேண்டுமென்றே ரேகை விழாமல் செய்கிறார்" என்று சேர்மனிடம் புகார் சொன்னேன். நல்ல எண்ணத்தில்தான், அலுவலகத்தை ஏமாற்ற யாரையும் விடக்கூடாது என்பது அப்போது என் மதம்.

கம்பெனி வக்கீல் துள்ளி எழுந்தார். "இதைப் பதிவு செய்ய வேண்டும். சாட்சியின் நேர்மைக்கு இதுவே அத்தாட்சி."

"செய்யலாம்" என்றார் சேர்மன். "நீங்களே வாசகம் சொல்லுங்கள். கிளார்க் எழுதிக்கொள்ளட்டும்."

வக்கீல் நிறுத்தி நிதானமாகச் சொன்னார்: மூன்று முறை முயன்றும் சாட்சியின் இடது பெருவிரலில் ரேகைக்கோடு எதுவும் பதியவில்லை. நான் எழுதினேன். சேர்மன் அவரிடமே கையெழுத்து வாங்கச் சொன்னார். வாங்கினேன். அதற்குப் பிறகுதான் சேர்மன் கையை நீட்டினார்.

"எம்-7ஐக் கொடும்."

இரண்டு தாளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். ஒரு பக்கம் பொட்டு, மறுபக்கம் அச்சு. குப்பம்மாவைக் கிட்டே கூப்பிட்டு உள்ளங்கையைக் காட்டச் சொன்னார். நானும் அப்போதுதான் பார்த்தேன். விரல் நுனிகள் நெருப்புக்குச்சிப் பெட்டியின் ஓரம்போலச் சொரசொரப்பாக, வெளுத்து, வெடித்து இருந்தன. உப்புநீர் தின்ற தோல். அதில் கோடு எங்கே இருக்கும்?

வெளியே வேப்பமரத்தடியில் விசாரணையைப் பார்க்க வந்த உப்பளத் தொழிலாளர்கள் உட்கார்ந்திருந்தார்கள். ஐந்து பேரை உள்ளே கூப்பிடச் சொன்னார் சேர்மன். வக்கீல் ஆட்சேபித்தார்: அவர்கள் சாட்சிப் பட்டியலில் இல்லை.

"சாட்சிக்குக் கூப்பிடவில்லை. என் கிளார்க்கின் மைப்பெட்டி சரியாக இருக்கிறதா என்று பார்க்கிறேன். அலுவலகச் சாமானைச் சோதிக்க எனக்கு அதிகாரம் உண்டல்லவா?"

ஐந்து பேரும் ஒத்தினார்கள். ஐந்து பொட்டு. பிறகு என் விரலை வைக்கச் சொன்னார். சுத்தமான ரேகை. பியூன் விரல். சுத்தமான ரேகை. மைப்பெட்டியில் குறையில்லை என்று எழுதிக்கொள்ளச் சொன்னார்.

எம்-7இன் தேதி மே மாதம். உப்பு வாரும் உச்சகாலம். அந்த மாதத்தில் அந்த விரலிலிருந்து அப்படி ஒரு ரேகை விழாது. உப்பளம் முழுகிக் கிடக்கும் மழைக்காலத்தில்தான் தோல் வளர்ந்து கோடு திரும்பும் என்று ஒத்திய ஐவரில் ஒருவர் சொன்னார். கம்பெனிக்காரர்கள் எல்லாவற்றையும் யோசித்திருந்தார்கள், தொழிலாளியின் தோலைத் தவிர. அவர்கள் கை உப்பில் பட்டதே இல்லை.

ஆனால் வக்கீல் கெட்டிக்காரர். அரை நிமிஷத்தில் விழுந்த இடத்திலிருந்து எழுந்தார். "மாண்புமிகு சேர்மன், மழைக்காலத்தில் தோல் வளர்ந்துவிடும் என்றால், ஒரு வருஷமாக வேலையில்லாத இந்தப் பெண்ணின் விரல் இன்று ஏன் இப்படி இருக்கிறது? ஒன்பதாவது பத்தியில் வேறு வேலை இல்லை என்கிறார். ஒன்று, மனு பொய். இல்லை, இந்த விரலுக்குப் பிறகு வந்த ஏதோ வியாதி. அப்படியானால் மே மாதத்தில் ரேகை நன்றாக விழுந்ததில் அதிசயமில்லை."

எனக்கு இப்படிப்பட்டவர்களைப் பிடிக்கும், பயமும் உண்டு. எந்தப் பக்கம் போனாலும் அவருக்கு லாபம். வியாதி என்றால் எம்-7 பிழைத்துக்கொள்ளும். உப்பு வேலை என்றால் மனு பொய், அவள் பேச்சை எதிலும் நம்ப முடியாது என்று வாதாடலாம், போன சம்பளத்தையும் கேட்க முடியாது.

காசிம் பாய் முகம் வெளுத்துப்போய் அவள் காதருகே குனிந்தார். கிசுகிசுப்பதாக நினைத்துக்கொண்டு எல்லோருக்கும் கேட்கிறமாதிரி சொன்னார்: "குடிசைக்கு சுண்ணாம்பு அடிச்சேன்னு சொல்லு குப்பம்மா. கை வெந்துகீதுன்னு சொல்லு. அத மட்டும் சொல்லிடாத."

"எதை?" என்றார் சேர்மன்.

காசிம் பாய் நாக்கைக் கடித்துக்கொண்டார்.

சேர்மன் அவளிடம் நேராகப் பேசினார். "அம்மா, நீ சொல்லப்போவதை எழுதிக்கொள்வோம். அது உனக்கே பாதகமாகவும் இருக்கலாம். யோசித்துச் சொல்."

அவள் அதிகம் யோசிக்கவில்லை. பின்வரிசையில் வரதனை ஒருதரம் திரும்பிப் பார்த்தாள்.

"கழிக்கு அக்கரையில இன்னொரு உப்பளம் கீது சாமி. தண்ணி வத்தற நேரம் பாத்து எறங்கிப் போவேன். என் பேர் சொன்னா சேக்கமாட்டாங்க. மேஸ்திரிங்க ஒருத்தனுக்கொருத்தன் சொல்லிக்குவானுங்க. செத்துப்போன என் தங்கச்சி பேர்ல நிக்கிறேன். இன்னா பண்றது, ரெண்டு பொண்ணு கீதே?"

"அப்படியானால் மனுவில் எழுதியது?"

"அது பாய் எழுதனது. அவுரு மேல தப்பு இல்ல, அப்டி எழுதினாத்தான் கேப்பாங்கன்னு யாரோ சொல்லிகீறாங்க. நீ சம்பளம் குடுக்கவேணாம் சாமி. என் வூடு இருக்கட்டும். என் பேரச் சொல்லி என்னைக் கூப்புடணும், அவ்ளோதான்."

இதைச் சொன்னதில் அவளுக்கு என்ன நஷ்டம் என்று எனக்கு உடனே புரியவில்லை. பின்வரிசையில் வரதன் சத்தமில்லாமல் எழுந்து வெளியே போனபோது புரிந்தது. அன்று சாயங்காலத்துக்குள் அக்கரைக்குச் சேதி போய்விடும். கையில் இருந்த ஒரே வேலையை அவள் என் மேஜைமேல் வைத்துவிட்டாள். நான் அதை வார்த்தை பிசகாமல் எழுதி, படித்துக் காட்டி, ரேகை வாங்கினேன். கறுப்புப் பொட்டு. இந்தமுறை துடைத்து மறுபடி வைக்கச் சொல்லவில்லை.

தீர்ப்பு புரட்டாசியில் வந்தது. உள்விசாரணை நடக்கவில்லை, எம்-7 வெற்றுத்தாளில் பின்னால் எழுதப்பட்டது, வேலைநீக்கம் செல்லாது, பணித்தொடர்ச்சியோடு அதே வேலை, அதே குடிசை. இடைப்பட்ட காலத்துச் சம்பளம் இல்லை, மனுவில் உண்மையை மறைத்ததற்காக. சேர்மன் யாருக்கும் முழுசாக எதையும் கொடுத்தவர் அல்ல. கெஜட்டில் வெளியாகி முப்பது நாள் கழித்துத்தான் தீர்ப்பு அமலுக்கு வரும். கம்பெனி மேலே போகவில்லை. எம்-7ஐ இன்னொருவர் கையில் கொடுக்கப் பயம் என்பது என் அனுமானம்.

முப்பது நாளை எண்ணி, முப்பத்தொன்றாவது நாள் அவளை வேலைக்குச் சேர்த்துக்கொண்டார்கள். கார்த்திகை மழை. உப்பளம் முழுவதும் தண்ணீர். வாருவதற்கு ஒரு பிடி உப்பு கிடையாது, கொடுப்பதற்குக் கூலியும் கிடையாது. சட்டப்படி ஒரு குறையும் சொல்ல முடியாது. அவளோ தினமும் காலையில் கரைக்கு வந்து, ஆபீஸ் கொட்டகை முன்னால் நின்று, வரதன் அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிடும்வரை நகரமாட்டாளாம். காசிம் பாய் பிறகு சொன்னார்: "மழையில நனைஞ்சிகினு நின்னு, அந்தாளு கூப்ட்டதும், 'கொஞ்சம் சத்தமா கூப்புடு மேஸ்திரி, காது கேக்கல'ன்னுவா சார்."

தீர்ப்புக் கொடுத்ததோடு எங்கள் வேலை சட்டப்படி முடிந்தது. ஆனாலும் அவள் வேலையில் சேர்ந்த அறிக்கையின் மூலப்பிரதியைக் காட்டிவிட்டுத் திரும்ப எடுத்துப் போகும்படி சேர்மன் தீர்ப்பின் கடைசி வரியில் எழுதியிருந்தார். கம்பெனி குமாஸ்தா அதைச் சென்னைக்குக் கொண்டுவந்தார். என்னிடம் கொடுத்துவிட்டு வராந்தாவில் உட்கார்ந்தார்.

பிரித்துப் பார்த்தேன். முழுத்தாள். மேலே இரண்டே வரி: இன்று முதல் வேலையில் சேர்ந்தேன். தாளின் அடிக்கோடியில் ரேகை. அக்கரை வேலையும் போய், ஆறு மாதமாக உப்பைத் தொடாத விரல். வட்டமும் சுழியுமாகத் தெளிவாக விழுந்திருந்தது. கோப்பிலிருந்து எம்-7ஐ எடுத்துப் பக்கத்தில் வைத்தேன். கோட்டுக்குக் கோடு ஒன்று. அவள் கூடத்தில் சொன்னது, நான் நம்பாதது, அத்தனையும் உண்மை.

பிறகுதான் நடுவில் இருந்த இடத்தைப் பார்த்தேன். இரண்டு வரிக்கும் ரேகைக்கும் இடையில் ஒரு ஜாண் வெற்றிடம். ஒரு ராஜினாமாக் கடிதம் தாராளமாக எழுதலாம். மன்னிப்பும் சேர்த்தே எழுதலாம்.

கட்சிக்காரரின் ஆவணத்தில் பெஞ்சு கிளார்க் ஒரு புள்ளிகூட வைக்கக் கூடாது. எந்த விதி, எந்தப் பிரிவு என்று இப்போதும் சொல்வேன். அன்றும் தெரியும். ரூல்தடியை எடுத்து, முதல் இரண்டு வரியின் முடிவிலிருந்து ரேகையின் விளிம்புவரை, பேனாவை நன்றாக அழுத்திக் குறுக்கே ஒரு கோடு இழுத்தேன். மை காய்ந்ததும் சேர்மன் அறைக்குக் கொண்டுபோனேன்.

அவர் வழக்கம்போல முதலில் திருப்பிப்போட்டார். கண்ணை மூடிக்கொண்டு பின்பக்கத்தில் விரலை ஓட்டினார். விரல் ஓரிடத்தில் நின்றது. பிறகு அந்த மேட்டைப் பிடித்துக்கொண்டே குறுக்காக, கீழ்மூலைவரை மெதுவாகப் போயிற்று.

"இந்தக் கோடு யார் போட்டது?"

"வரும்போதே இருந்தது சார்."

அவர் கண்ணைத் திறந்து, என் வலதுகை நடுவிரலில் இருந்த மைக்கறையைப் பார்த்தார். பிறகு கோட்டுப் பையிலிருந்து முத்திரையை எடுத்து, 'பார்க்கப்பட்டது' என்று ஒத்தி, கையெழுத்துப் போட்டு என்னிடம் கொடுத்தார்.